ஆசியான் பாரா விளையாட்டுகளில் தீமோர்-லெஸ்தே: சிறிய அணிகளுக்கு அங்கே என்ன கிடைக்கிறது?

கேள்வி: வைகைக்கரையான்

நண்பர்களுக்கு வணக்கம். தென்கிழக்காசிய மாற்றுத்திறனாளிகளுக்கான ஆசியான் பாரா விளையாட்டுப் போட்டிகளைச் சில ஆண்டுகளாகத் தொலைவிலிருந்து கவனித்து வருகிறேன். 2023 ஜூன் மாதம் புனோம் பென்னில் நடந்த 12ஆவது போட்டியில் இந்தோனேசியா 159 தங்கம் உட்பட 401 பதக்கங்களை அள்ளிச் சென்றது. அதற்கு முந்தைய ஆண்டு, தன் சொந்த ஊரான சூரகார்த்தாவில் நடந்தபோது அந்நாடு பெற்ற தங்கம் மட்டும் 175. பட்டியலின் உச்சியைப் பற்றி எழுதுவோர் பலர் இருக்கிறார்கள். என் கேள்வி அதன் அடிப்பகுதியைப் பற்றியது.

தீமோர்-லெஸ்தேயை எடுத்துக்கொள்வோம். மக்கள்தொகை பதினான்கு லட்சத்தை ஒட்டியது, அதாவது நம் மதுரை நகரத்தின் அளவுதான். அந்த நாடு ஆசியான் அமைப்பில் பதினோராவது உறுப்பினராகச் சேர்ந்ததே 2025 அக்டோபர் 26ஆம் நாள். ஆனால் அதற்குப் பல ஆண்டுகளுக்கு முன்பிருந்தே அதன் வீரர்கள் ஆசியான் பாரா போட்டிகளில் கலந்துகொண்டு வருகிறார்கள். உறுப்பினராகாத நாடு எவ்வாறு அந்தப் பெயர் தாங்கிய போட்டியில் ஆட முடிந்தது? அதைவிட எனக்கு முக்கியமான கேள்வி இன்னொன்று. விரல்விட்டு எண்ணத்தக்க வீரர்களுடன் வரும் இத்தகைய அணிக்கு, தொடக்க விழாவில் கொடி பிடித்து நடப்பதைத் தவிர விளையாட்டு அளவில் உண்மையாகக் கிடைப்பது என்ன? 2026 ஜனவரிக்குரிய அடுத்த போட்டி தாய்லாந்தின் நக்கோன் ராட்சசிமாவில் என்பதால், அதன் முடிவுகளைப் படிக்கும் முன் இதைப் புரிந்துகொள்ள விரும்புகிறேன். அனுபவம் உள்ளவர்கள் எழுதினால் மகிழ்வேன்.

பதில்: கிள்ளான்வாசி

வணக்கம் ஐயா. முதல் கேள்விக்கு விடை எளிது. இப்போட்டியை நடத்துவது ஆசியான் பாரா விளையாட்டுக் கூட்டமைப்பு என்ற தனி அமைப்பு. அரசுகள் கூடிப் பேசும் ஆசியான் வேறு, இது வேறு. தென்கிழக்காசிய விளையாட்டுப் போட்டிகளிலும் தீமோர்-லெஸ்தே இப்படித்தான் 2003 முதல் ஆடி வருகிறது. அரசியல் உறுப்புரிமைக்காக அந்நாடு காத்திருந்த காலமெல்லாம் அதன் விளையாட்டு வீரர்கள் காத்திருக்கவில்லை.

இரண்டாவது கேள்விக்குச் சற்று விரிவாக எழுத வேண்டும். நான் இயன்முறை மருத்துவர். 2017 செப்டம்பரில் கோலாலம்பூரில் ஒன்பதாவது போட்டி நடந்தபோது, எந்த வீரர் எந்த வகுப்பில் ஆடுவார் என்று முடிவுசெய்யும் வகைப்பாட்டு அறைகளில் தன்னார்வலராக உதவினேன். பார்வையாளர்கள் அந்த அறையைப் பார்ப்பதே இல்லை. ஆனால் ஒரு சிறிய அணியின் தலையெழுத்தில் பெரும்பகுதி போட்டி நடக்கும் புக்கிட் ஜாலில் அரங்கத்தில் அல்ல, இந்த அறையில்தான் எழுதப்படுகிறது என்பது என் உறுதியான கருத்து.

பாரா விளையாட்டில் யாரும் நேரடியாகப் போட்டிக்குள் நுழைய முடியாது. உடற்குறைவின் தன்மையையும் அளவையும் பொறுத்து ஒவ்வொருவரையும் ஒரு வகுப்பில் வைப்பார்கள். தடகளத்தில் 11 முதல் 13 வரையிலான எண்கள் பார்வைக் குறைவுக்கு உரியவை. 35 முதல் 38 வரை பெருமூளை வாதம் போன்ற குறைபாடுகளுடன் நின்று ஆடுவோருக்கு. 50களின் எண்கள் சக்கர நாற்காலியிலோ இருக்கையிலோ அமர்ந்து ஆடுவோருக்கு. எண்ணுக்கு முன்னால் வரும் எழுத்து ஓட்டமா எறிதலா என்பதைச் சொல்லும். பன்னாட்டுத் தகுதி பெற்ற வகைப்பாட்டாளர்கள் வீரரை மேசையில் படுக்கவைத்து, ஒவ்வொரு தசையின் வலுவையும் சுழியம் முதல் ஐந்து வரை மதிப்பிடுவார்கள். மூட்டுகள் எவ்வளவு மடங்குகின்றன என்பதைக் கோணமானியால் அளப்பார்கள். பின்னர் அவரை எறியவோ ஓடவோ சொல்லிப் பார்ப்பார்கள். களத்தில் அவர் முதன்முறை ஆடும்போதும் கவனித்து, முடிவை உறுதிசெய்வார்கள் அல்லது மாற்றுவார்கள். குறைந்தபட்ச அளவை எட்டாத குறைபாடு என்று முடிவானால், விமானம் ஏறி வந்தவர் ஒரு முறைகூட எறியாமல் திரும்ப வேண்டியதுதான்.

பெரிய நாட்டு வீரர் இவ்வறைக்குள் வரும்போது, வேறு பன்னாட்டுப் போட்டிகளில் ஏற்கெனவே உறுதிசெய்யப்பட்ட வகுப்புடன் வருவார். பலருக்கு மறு ஆய்வே தேவைப்படாது. சிறிய நாட்டு வீரருக்கோ பெரும்பாலும் அதுதான் வாழ்க்கையின் முதல் வகைப்பாடு. அவருடைய மருத்துவப் படிவத்தைத் தாயகத்தில் நிரப்பியவர் இத்துறையை அறியாத பொது மருத்துவராக இருக்கக்கூடும். பார்வைக் குறைவு என்றால் கண் மருத்துவரின் அறிக்கை வேண்டும். அறிவுத்திறன் குறைவு என்றால் உளவியலாளர் நடத்திய தேர்வுகளின் முழு ஆவணமும் வேண்டும். அத்தகைய வல்லுநர்கள் தலைநகரில்கூட அரிதாக உள்ள நாட்டில், தகுதியுள்ள எத்தனையோ பேர் காகிதம் இல்லாததாலேயே பட்டியலில் இடம்பெறாமல் போகிறார்கள்.

ஒரு நிகழ்ச்சியை மட்டும் சொல்கிறேன். ஒரு சிறிய அணியைச் சேர்ந்த எறிவீரர் ஒருவர் காலிப்பர் அணிந்த காலுடன் வந்திருந்தார். இளம்பிள்ளை வாதம். வகைப்பாட்டாளர் ஆங்கிலத்தில் கேட்டது அவருக்கும் விளங்கவில்லை, உடன் வந்த அலுவலருக்கும் பாதிதான் விளங்கியது. நான் மலாய் மொழியில் கேட்டுப் பார்த்தேன். அவர் இந்தோனேசிய மொழியில் தங்குதடையின்றிப் பதில் சொன்னார். தீமோர்-லெஸ்தேயின் ஆட்சி மொழிகள் தேத்துமும் போர்த்துக்கீசியமும் என்றாலும், இந்தோனேசிய மொழி அங்கே நடைமுறை மொழியாகப் புழங்குகிறது என்பதை அன்றுதான் நேரில் கண்டேன். நின்று எறிய விரும்புகிறாரா, அமர்ந்து எறிய விரும்புகிறாரா என்பது கேள்வி. விடையைப் பொறுத்து வகுப்பு முற்றிலும் மாறும். ஊரில் அவர் நின்றே எறிந்து பழகியவர், ஏனென்றால் அங்கே எறியிருக்கை இல்லை.

இந்த எறியிருக்கையைப் பற்றியும் சொல்ல வேண்டும். அமர்ந்து எறிவோருக்கான உலோகச் சட்டம் அது. மெத்தையையும் சேர்த்து 75 சென்டிமீட்டருக்கு மேல் உயரக்கூடாது. அதைத் தரையோடு இறுக்கிக் கட்டி, வீரரை வார்ப்பட்டையால் பிணைப்பார்கள். எறியும்போது இருக்கையிலிருந்து எழும்பினால் அந்த எறி செல்லாது. வசதியுள்ள நாடுகள் வீரரின் உடலளவுக்கு ஏற்ப அதைச் செய்து கொண்டுவரும். இல்லாதவர் இரவல் வாங்கியதில் அமர்ந்து, அதன் உயரமும் சாய்வும் பழகுவதற்குள் தம் வாய்ப்புகளை எறிந்து முடித்துவிடுவார்.

ஆகவே என் விடை இது: சிறிய அணிக்கு இப்போட்டியில் கிடைக்கும் முதற்பெரும் பயன் பன்னாட்டுப் பதிவேட்டில் ஏறும் ஒரு வகுப்பு. அது இல்லாமல் ஆசியப் பாரா போட்டியோ பாராலிம்பிக்கோ எட்டாக்கனி. வீட்டுக்கு அருகிலேயே அதைப் பெறக்கூடிய இடம் அவர்களுக்கு இதைவிட்டால் அதிகம் இல்லை.

பதில்: பழைய ஏடு

கிள்ளான்வாசி அவர்கள் எழுதியதோடு வரலாற்றுப் பக்கத்தையும் சேர்த்துப் பார்க்கலாம். தீமோரின் பாரா விளையாட்டு அந்த நாட்டைவிட மூத்தது. 2000 அக்டோபரில் சிட்னியில் பாராலிம்பிக் நடந்தபோது கிழக்குத் தீமோர் ஐக்கிய நாடுகள் சபையின் இடைக்கால நிர்வாகத்தில் இருந்தது. விடுதலை வாக்கெடுப்பை ஒட்டி 1999 செப்டம்பரில் நடந்த வன்முறையில் எரிந்த கட்டடங்கள் அப்படியே நின்றன. அந்நிலையிலும் அல்சினோ பெரேரா, மத்தேயுஸ் லூக்காஸ் என்ற இருவர் தனிநிலை வீரர்களாகக் கலந்துகொண்டார்கள். முன்னவர் தடகளம், பின்னவர் பவர்லிஃப்டிங். நாடு முழு விடுதலை பெற்றது 2002 மே 20 அன்றுதான்.

பவர்லிஃப்டிங்கைக் கவனியுங்கள். பாரா விளையாட்டில் அது பலகையில் படுத்தபடி கம்பியை மார்புவரை இறக்கி, அசையாமல் நிறுத்தி, மீண்டும் கைகள் நீளும்வரை உயர்த்துவது. கால்களில் குறிப்பிட்ட அளவுக்குக் குறைபாடு இருந்தால் போதும். அதன்பின் எல்லோரும் உடல் எடையை வைத்து மட்டுமே பிரிக்கப்படுகிறார்கள். ஒரு பலகை, ஒரு கம்பி, எடைத்தட்டுகள், நேர்மையான ஒரு பயிற்சியாளர் என்று முடிந்துவிடும். நம் பகுதியின் ஏழை நாடுகள் பெரிய மேடையில் முதலில் தலைநிமிர்ந்த விளையாட்டு இது என்பது தற்செயல் இல்லை. லாவோஸின் முதல் பாராலிம்பிக் பதக்கம் 2008இல் பெய்ஜிங்கில் ஏய் சிமாய் பவர்லிஃப்டிங்கில் வென்ற வெண்கலம். வியட்நாமின் முதல் பாராலிம்பிக் தங்கமும் 2016இல் ரியோவில் 49 கிலோ பிரிவில் 183 கிலோ தூக்கிய லே வான் கோங் பெற்றதே.

இதே லாவோஸ் 2009இல் தென்கிழக்காசிய விளையாட்டுப் போட்டிகளை நடத்தியபோது, வழக்கமாக அதனோடு வரும் பாரா போட்டியை நடத்த வசதி போதாமல் விட்டுக்கொடுத்தது. அது கோலாலம்பூருக்குப் போனது. அழைப்பை ஏற்று ஆட வருவது ஒரு சிறிய நாட்டுக்கு இயலும். சாய்தளப் பேருந்தும் கழிப்பறையும் தங்குமிடமும் அமைத்து ஆயிரம் பேரை வரவேற்பது வேறு வேலை. கம்போடியா அதைச் செய்து காட்ட 2023 ஆயிற்று.

இந்தோனேசியாவின் பதக்கக் குவியலுக்கும் ஒரு பின்கதை உண்டு. சூரகார்த்தா, அதாவது சோலோ, போர்க்காலத்துக்குப் பின் எலும்பு மருத்துவத்துக்கும் மறுவாழ்வுக்கும் பெயர்பெற்ற ஊர். அந்நாட்டின் பாரா விளையாட்டுத் தலைமையகம் இன்றும் அங்கேதான் இருக்கிறது. எழுபது எண்பது ஆண்டு உழைப்பின் பலனை, நேற்று தொடங்கிய நாட்டோடு ஒரே பட்டியலில் வைத்து ஒப்பிடுவது பெரிதாக எதையும் விளக்காது. 2022இல் அதே சோலோவில், 1999 வரை தங்களை ஆண்ட நாட்டின் பார்வையாளர்கள் முன்னால், தீமோர் வீரர்கள் தங்கள் கொடியின் கீழ் ஆடினார்கள் என்பதையும் எண்ணிப் பார்க்கிறேன்.

பதில்: வன்னிமகன்

மன்னிக்க வேண்டும், எனக்கு இதில் ஒரு மறுப்பு உண்டு. எங்கள் பக்கம் போரில் கால் இழந்தவர்களோடு வேலை செய்கிறவன் நான். செயற்கைக் காலின் உறை தேய்ந்து, மாற்ற வழியின்றி, துணியைச் சுற்றிக்கொண்டு வயலுக்குப் போகிறவர்களை வாரந்தோறும் காண்கிறேன். ஒரு சிறிய நாடு வீரர், பயிற்சியாளர், மருத்துவர், அணித்தலைவர் என்று ஒரு கூட்டத்தை விமானத்தில் அனுப்பும் செலவில் எத்தனை சக்கர நாற்காலிகள் வாங்கலாம்? போட்டிக்குச் சில வாரங்கள் முன்பு ஆட்களைத் தேடிப் பிடிப்பதும், வந்து இறங்கிய மறுவாரமே அவர்களை மறப்பதும் பல நாடுகளில் வழக்கம். கிள்ளான்வாசி அக்கா சொன்ன அந்த வகைப்பாடு, ஊர் திரும்பியவுடன் பயிற்சிக் களமே இல்லாத ஒருவருக்கு என்ன பயன் தரும்?

பதில்: கிள்ளான்வாசி

தம்பி வன்னிமகன், உங்கள் கோபம் நியாயமானது. வீரரைவிட அலுவலர் அதிகமாக வந்திறங்கும் அணிகளை நானும் கண்டிருக்கிறேன். ஆனால் உடன் வரும் எல்லோரையும் வீண்செலவுக் கணக்கில் எழுதிவிட முடியாது. முழுப் பார்வையிழப்புக்குரிய 11ஆம் வகுப்பில் ஓடுபவர் கண்ணை மறைத்துக்கொண்டு, ஒரு வழிகாட்டி ஓட்டக்காரரோடு கயிற்றால் இணைந்து ஓடுகிறார். வழிகாட்டி அவரை இழுக்கக்கூடாது, அவருக்கு முன்னால் கோட்டைக் கடக்கவும் கூடாது. ஆகவே வழிகாட்டி அவரைவிட வேகமானவராகவும் அவருடைய கால்வீச்சுக்குப் பல மாதம் பழகியவராகவும் இருக்க வேண்டும். அங்கே ஒரு வீரர் என்றால் இருவர். இதைச் செலவு மிச்சம் என்று வெட்டும் நாடுகள் உண்டு. வெட்டிய பின் அந்த வீரர் தொடக்கக் கோட்டில் நிற்க முடியாது.

செயற்கைக் காலா, விமானச் சீட்டா என்று கேட்டால் நானும் காலைத்தான் சொல்வேன். ஆனால் நான் அறிந்தவரை விளையாட்டு நிதியை நிறுத்தினால் அது மறுவாழ்வுத் துறைக்குப் போய்ச் சேர்வதில்லை. என் யோசனை வேறு. இருபது பேருக்குப் பதில் ஆறு பேரை அனுப்புங்கள். மிஞ்சும் பணத்தில் உள்நாட்டிலேயே ஒரு இயன்முறை மருத்துவருக்கும் ஒரு பயிற்சியாளருக்கும் வகைப்பாட்டில் அடிப்படைப் பயிற்சி கொடுங்கள். அவர்கள் ஊர் ஊராகப் போய்த் தகுதியுள்ளவர்களை முன்னதாகவே கண்டறிந்தால், தகுதியற்றவரை விமானத்தில் ஏற்றும் வீண்செலவும் குறையும், ஒவ்வொருவரும் எந்த மருத்துவ மையத்துக்கு அனுப்பப்பட வேண்டும் என்பதும் தெரியவரும். அந்நாட்டின் ஓக்குசி பகுதியில் இருப்பவர் மற்ற தீமோரிலிருந்து இந்தோனேசிய நிலத்தால் பிரிக்கப்பட்டவர். தலைநகர் டிலிக்குத் தரைவழியே வர அவர் இந்தோனேசியாவைக் கடக்க வேண்டும், இல்லையேல் கப்பலோ விமானமோ ஏற வேண்டும். அவரைத் தேடி யாராவது போனால்தான் உண்டு.

வகுப்பை எதிர்த்து முறையிடவும் விதி உண்டு. அதற்குக் கட்டணமும் குறுகிய காலக்கெடுவும் உண்டு. விதிநூலைப் படித்துப் புரிந்துகொண்ட ஒருவர் அணியில் இல்லாவிட்டால் அந்த நேரம் கடந்துவிடும். அதை நான் கண்ணால் பார்த்தேன்.

பதில்: பொங்கோல் வாசகர்

பணம் இருந்தாலும் சிறிய நாடு என்ற குறை விடாது என்பதற்கு எங்கள் சிங்கப்பூரே சான்று. யிப் பின் சியூ 2008 முதல் 2024 வரை பாராலிம்பிக் நீச்சலில் ஏழு தங்கம் வென்றவர். அவர் அண்மைக் காலங்களில் மல்லாந்து நீந்துவது எஸ் 2 என்ற, உடற்குறைவு மிகக் கடுமையான வகுப்புகளில் ஒன்று. அந்த வகுப்பில் அவரோடு நீந்த இப்பகுதியில் ஆள் கிடைப்பது அரிது. உலக வெற்றியாளராக இருந்தும், சொந்த வட்டாரத்தில் சமமான போட்டி அமைவது கடினம். குறைபாடு கடுமையாக உள்ளவர்களுக்குத்தான் உதவியாளரும் கருவியும் பயணச் செலவும் அதிகம்; சிறிய நாடுகள் முதலில் விட்டுவிடுவதும் அவர்களைத்தான். இதைப் பதக்கப் பட்டியல் காட்டுவதில்லை.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். ஆசியான் பாரா போட்டிகளில் பாராலிம்பிக்கில் இல்லாத சதுரங்கமும் உண்டு. பார்வையற்றோருக்கான பலகையில் கறுப்புக் கட்டங்கள் சற்று மேடாகவும், காய்கள் துளையில் பொருந்துமாறும் இருக்கும். இருவருக்கும் தனித்தனிப் பலகை. ஒவ்வொரு நகர்த்தலையும் வாயால் அறிவிக்க வேண்டும். செலவு குறைந்த விளையாட்டுகளில் இதுவும் ஒன்று என்பதால் சிறிய நாடுகள் கூடுதலாகக் கவனிக்கலாம்.

மறுகேள்வி: வைகைக்கரையான்

அனைவருக்கும் நன்றி. பொங்கோல் வாசகர் எழுதியதைப் படித்தபின் ஒரு ஐயம். ஒரு வகுப்பில் போதிய ஆட்கள் பதிவு செய்யாவிட்டால் அந்த நிகழ்வு என்னவாகும்? தீமோரிலிருந்து வரும் ஒரே ஒரு எறிவீரருக்கு அவ்வகுப்பில் எதிராளியே இல்லையென்றால்?

பதில்: கிள்ளான்வாசி

ஐயா, பல போட்டிகளில் இரண்டில் ஒன்று நடக்கும். குறைந்தபட்ச எண்ணிக்கை எட்டாத நிகழ்வை அமைப்பாளர்கள் கைவிடுவார்கள், அல்லது அருகிலுள்ள வகுப்புகளோடு சேர்ப்பார்கள். எறிதலில் சேர்க்கும்போது வெறும் தூரத்தை வைத்து வென்றவரைத் தீர்மானித்தால் கடுமையான குறைபாடு உடையவருக்கு அநீதியாகும் என்பதால், ராசா புள்ளிகள் என்ற அட்டவணையைப் பயன்படுத்துவது உண்டு. அந்தந்த வகுப்பில் அந்தத் தூரம் எவ்வளவு அரியது என்பதைப் பொறுத்து எறி புள்ளியாக மாற்றப்படும். குறைந்த தூரம் எறிந்தவர் தங்கம் பெறுவதைப் பார்த்துப் பார்வையாளர்கள் குழம்புவது இதனால்தான். சில போட்டிகளில் களமிறங்கியோர் மூவர் மட்டுமே என்றால் மூன்று பதக்கமும் தரமாட்டார்கள்.

சேர்த்த வகுப்பு யாருக்குச் சாதகம் என்பதைக் கணக்கிட்டு வீரரை எந்த நிகழ்வில் பதிவு செய்வது என்று முடிவெடுக்க, பெரிய அணிகளில் அதற்கென்றே ஆட்கள் இருக்கிறார்கள். நக்கோன் ராட்சசிமா போட்டியின் முடிவுகளை நீங்கள் பார்ப்பதாக இருந்தால், பதக்கப் பட்டியலைத் திறக்கும் முன் ஒவ்வொரு நிகழ்வின் பதிவுப் பட்டியலைப் பாருங்கள்: எத்தனை நாடு, எத்தனை பேர், எந்தெந்த வகுப்பு சேர்க்கப்பட்டுள்ளது, வீரரின் வகுப்புக்கு அருகில் உறுதி என்று குறித்திருக்கிறதா, புதியவர் என்று குறித்திருக்கிறதா. தீமோர்-லெஸ்தே வீரர்களில் புதியவர் என்ற குறியோடு வந்து உறுதி என்ற குறியோடு திரும்புகிறவர்கள் எத்தனை பேர் என்று எண்ணினால், நீங்கள் கேட்ட கேள்விக்கு அந்த ஆண்டின் விடை கிடைத்துவிடும்.